வெள்ளை முள்ளைத் தேடியவர்கள்

மறுகரை அண்டத்தில் ஒரு பாத்திரத்தில் வெந்நீர் போட்டால் பக்கத்துப் பாத்திரத்தில் ஐஸ் கட்டிவிடும். அதிசயமெல்லாம் இல்லை, அங்கே தண்ணீருக்கு அதுதான் பழக்கம். எது ஒன்று இருந்தாலும் அதற்கு எதிரானதும் அதே கூரைக்குள், அதே நேரத்தில், அதே அளவுக்கு இருந்தாக வேண்டும். விஞ்ஞானிகள் இதற்கு எதிரிணை விதி என்று பெயர் வைத்தார்கள். எல்லாருக்கும் புரியும்படி ஆயிரம் பக்கத்தில் ஒரு புத்தகமும் எழுதினார்கள். எழுதிய பாவத்துக்கு, ஒருவருக்கும் புரியாதபடி இன்னோர் ஆயிரம் பக்கம் எழுத வேண்டியதாயிற்று. விதி அவர்களை மட்டும் விட்டுவிடுமா?

நம் ஆட்கள் எந்தப் புத்தகத்துக்கும் காத்திருக்கவில்லை. இரண்டு அண்டங்களுக்கும் நடுவே கதவு திறந்ததுதான் தாமதம், திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து பெட்டி படுக்கையோடு போய் இறங்கி, ஒரே அடுப்பில் டீயும் ஐஸ்கிரீமும் போட்டு விற்க ஆரம்பித்துவிட்டார்கள். இப்போது அங்கே நட்சத்திரங்களைவிட டீக்கடைகள் அதிகம்.

வெந்நீரோடு நின்றிருந்தால் பரவாயில்லை. மனித மனத்தையும் இந்த விதி விடாது என்று தெரிந்தபோதுதான் வம்பு பிறந்தது. ஒரு வீட்டில் துக்கம் நிறைந்தால் அதே அளவு சந்தோஷமும் அந்த வீட்டுக்குள் வந்தாக வேண்டும். நாம் ஏற்பாடு செய்யாவிட்டால் அதுவே ஆள் பார்த்து இறங்கும். குடியேறிய புதிதில் ஒரு சாவு வீட்டில் சங்கு ஊத வந்தவர் மேல் இறங்கிவிட்டது. மனிதர் சங்கைக் கீழே வைத்துவிட்டுத் தெருத் தெருவாக ஆடினார். அவ்வளவு நளினமான ஆட்டத்தை இரண்டு அண்டத்திலும் எவரும் கண்டதில்லையாம். ஒரு கல்யாண வீட்டில் துக்கம் மாப்பிள்ளையைப் பிடித்துக்கொண்டது. தாலி கட்டும்போது அவர் விட்ட கண்ணீரில் ஓமத்தீ அணைந்தே போனது.

அதற்குப் பிறகுதான் குடியிருப்பு மன்றம் ஈடுகாரர்களை வேலைக்கு வைத்தது. கல்யாண வீட்டுக்கு ஒருவர் போய் மூலையில் உட்கார்ந்து மனமாரத் துக்கப்படுவார். சாவு வீட்டுக்கு ஒருவர் போய் மனமாரச் சந்தோஷப்படுவார். நடிப்பெல்லாம் செல்லாது. ஈடுகாரர் கழுத்தில் ஒரு மானி தொங்கும். அதில் இரண்டு முள். கறுப்பு முள் துக்கத்துக்கு, வெள்ளை முள் சந்தோஷத்துக்கு. கூரைக்குள் இருக்கும் எல்லாருடைய மனத்தையும் கூட்டி அது காட்டும். இரண்டு முள்ளும் எழும்பி ஒரே உயரத்தில் நின்றால் ஈடுகாரர் "எடுக்கலாம்" என்று சொல்வார். அந்தச் சொல் வராமல் பிணத்தின் மேல் யாரும் கை வைக்கக் கூடாது.

சாவு வீட்டு ஈடுகாரர்களில் பெயர் போனவர் இசக்கியப்பன். அவர் சந்தோஷப்படுவதற்குக் காரணமே தேவையில்லை. ஓர் ஆமவடையை மனத்தில் நினைத்தால் போதும், வெள்ளை முள் கூரையைப் பிய்த்துக்கொண்டு போகும். ஒரே குறை, வாய். உள்ளே நினைப்பதும் வெளியே சொல்வதும் அவருக்கு ஒரே காரியம்.

ஒரு நாள் காலை தளவாய் இறந்துபோனதாக ஆள் வந்தது.

தளவாய் என்றால் ஊருக்கே தெரியும். அண்டக் கதவில் காவல் வேலை பார்த்தவர். மூட்டையோடு வந்து திருதிருவென்று முழித்த அத்தனை பேரையும் "வாங்க, வாங்க, பயப்படாதீய" என்று கையைப் பிடித்து உள்ளே கூட்டியவர். பக்கவாதம் வந்து படுத்தபின் பல வருஷம் எழுந்திருக்கவில்லை. அவருடைய மனைவி ஆவுடைதான் பார்த்துக்கொண்டாள். பிள்ளை இல்லை. ஆனால் இறந்த செய்தி கேட்டதும் அரை அண்டம் கூடிவிட்டது. வீட்டுக் கூடத்தில் ஓர் எள் விழுந்தால், அது விழுந்த இடத்தில் ஏற்கெனவே ஓர் ஆள் உட்கார்ந்து அழுதுகொண்டிருப்பான்.

வாசலில் தளவாயின் தம்பி சூடாமணி நின்றுகொண்டிருந்தார். பக்கத்தில் அவருடைய மருமகன் திரவியம். போன மாசம்தான் நம் அண்டத்திலிருந்து போய் இறங்கியவன்.

"வாரும்வே இசக்கி. ஒமக்காகத்தான் காத்துக் கெடக்கோம். சட்டுனு சிரிச்சி முடிச்சிரும். வெயில் ஏறுறதுக்கு முன்னால எடுத்துரலாம்" என்றார் சூடாமணி.

திரவியம் மாமனாரின் காதருகே குனிந்தான். "மாமா, இவரு எதுக்குச் சிரிக்காரு? எங்க ஊருல சாவு வீட்டுல சிரிச்சா பல்லைத் தட்டிருவாவ."

"இங்க சிரிக்கலைன்னாத்தான் தட்டுவாவ, மாப்ளே" என்றார் இசக்கியப்பன். அவருக்குக் காது கூர்மை. "நான் சந்தோஷப்படலைன்னு வையி, அந்தச் சந்தோஷம் ஒம்மமேல வந்து ஏறும். அப்பறம் மாமனார் வீட்டுத் துட்டியில குத்தாட்டம் போட்டீருன்னு ஆயுசுக்கும் சொல்லிக் காட்டுவாவ."

திரவியம் அரை அடி பின்வாங்கினான்.

இசக்கியப்பன் சிரித்துக்கொண்டே வீட்டுக்குள் காலை வைத்தார். வழக்கம்போல் மானியைப் பார்த்தார். கண்ணைக் கசக்கிவிட்டு மறுபடி பார்த்தார். இரண்டு முள்ளும் உச்சியில், தோளோடு தோள் உரசிக்கொண்டு நின்றன. இவர் இன்னும் வடையை நினைக்கக்கூட ஆரம்பிக்கவில்லை.

இந்த மாதிரி நடப்பது புதிதில்லை. கிழவர் போனதில் உள்ளுக்குள் நிம்மதிப்படும் மருமகள் எந்த வீட்டில் இல்லை? அப்படி இருந்தால் ஈடுகாரர் ஒன்றும் காணாதவர்போல உள்ளே போய், தன் பங்குக்கு நாலு சிரிப்புச் சிரித்து, "எடுக்கலாம்" என்று சொல்லிவிட்டு வந்துவிடுவார். அவர்கள் தொழிலின் முதல் மரியாதை அது. இசக்கியப்பனும் எத்தனையோ வீட்டின் மானத்தைத் தன் சிரிப்பால் மூடியவர்தான். ஆனால் இவ்வளவு உயரத்தில் முள் நின்று அவர் பார்த்ததே இல்லை. அந்த ஆச்சரியத்தில் வாய் முந்திக்கொண்டது.

"அடேயப்பா! என்னை எதுக்குவே மெனக்கெட வரச் சொன்னீரு? உள்ள ஏற்கெனவே ஈடு ஆயிருக்கே! வெள்ளை முள் உச்சியில நிக்கி. ஆருக்கோ தாங்க முடியாத சந்தோஷம்!"

அவருடைய குரல் சாதாரணமாகவே மூன்று தெருவுக்குக் கேட்கும். அன்று நாலாவது தெருவுக்கும் கேட்டது.

அழுகை நின்றது. ஒப்பாரியில் முன்பாட்டுப் பாடிக்கொண்டிருந்த வடிவு, திறந்த வாயை மூடாமல் அப்படியே இருந்தாள். இசக்கியப்பன் நாக்கைக் கடித்துக்கொண்டார். கடித்து என்ன பிரயோஜனம்?

"என்ன சொன்னீரு?" என்றார் சூடாமணி.

"ஒண்ணுமில்ல. மானி கொஞ்சம்..."

"எங்க அண்ணன் செத்ததுல ஆருக்குவே சந்தோஷம்?" சூடாமணி மானியை இசக்கியப்பன் கழுத்திலிருந்து உருவி, வாசல் நிலையில் அடித்திருந்த ஆணியில் எல்லாரும் பார்க்கும்படி மாட்டினார். "ஆருன்னு தெரியாம இந்த வீட்டுல இருந்து பொணம் வெளியேறாது. அந்தக் கையால எங்க அண்ணனுக்கு வாய்க்கரிசி விழவும் விடமாட்டேன். அது ஆரா இருந்தாலும் சரி."

தளவாயின் தலைமாட்டில் உட்கார்ந்திருந்தாள் ஆவுடை. அவள் நிமிரவில்லை. காலையிலிருந்தே அவள் யார் முகத்தையும் பார்க்கவில்லை. துக்கத்தில் இருக்கிறாள் என்று எல்லாரும் நினைத்தார்கள். துக்கம்தான். அதோடு கூட இன்னொன்றும் அவள் நெஞ்சுக்குள் கண்ணை விழித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது. அதை யாராவது பார்த்துவிடுவார்களோ என்றுதான் முந்தானையை இழுத்து இழுத்து மூடிக்கொண்டிருந்தாள். இப்போது அது ஆணியில் தொங்குகிறது.

இசக்கியப்பனுக்கு அந்த முந்தானையைப் பார்த்ததும் விளங்கிவிட்டது. தன் வாயைத் தானே தைத்துக்கொள்ளலாம்போல் இருந்தது.

"சூடாமணி, நாந்தான்வே அது" என்றார். "நான் வரும்போதே சந்தோஷமாத்தான் வந்தேன். வர்ற வழியில ஆமவடை தின்னேன். நல்ல மொறுமொறுன்னு. அதான் முள் ஏறிட்டு."

"அப்படியா? வெளிய போயி தெருவுல நில்லும்."

இசக்கியப்பன் தெருவில் போய் நின்றார். வெள்ளை முள் இம்மிகூட இறங்கவில்லை.

"வடைதான் காரணமோ?" என்றார் சூடாமணி. கூடத்தில் இரண்டு பேர் சிரித்துவிட்டார்கள். இசக்கியப்பன் தலையைத் தொங்கப்போட்டுக்கொண்டு உள்ளே வந்தார். பொய் சொல்லி மாட்டிக்கொண்டது போதாதென்று, ஊருக்கே ஒரு வழியும் காட்டிக் கொடுத்துவிட்டார். யார் வெளியே போகும்போது வெள்ளை முள் இறங்குகிறதோ, அந்த ஆள்தான் குற்றவாளி.

முதலில் போனது சூடாமணியின் மனைவி பேச்சி. தெருவில் இறங்கி இடுப்பில் கை வைத்து நின்றுகொண்டு, "பாருங்க, நல்லாப் பாருங்க" என்றாள். வெள்ளை முள் அசையவில்லை. அவள் திரும்பி வரும்போது, அழகிப் போட்டியில் கிரீடம் வாங்கியவள் இந்த நடையைக் கற்றுக்கொள்ள வேண்டும்போல் இருந்தது.

"எனக்குத் தெரியும். அத்தான் போனதுல எனக்கு என்ன சந்தோஷம்? வயிறெல்லாம் எரியுது."

அடுத்து வடிவு. "ஏ, நான் பாடின பாட்டுக்கே முள்ளு முறிஞ்சிருக்கணுமே" என்று சொல்லிக்கொண்டே போனாள். வெள்ளை முள் அசையவில்லை. அவளும் ஜெயித்தாள். பிறகு டீக்கடைக்காரர் போனார். தளவாயோடு அண்டக் கதவில் வேலை பார்த்தவர்கள் போனார்கள். அவர் கையைப் பிடித்துக்கொண்டு இந்த அண்டத்துக்குள் வந்தோம் என்று மாரில் அடித்து அழுத அத்தனை பேரும் வரிசையில் நின்றார்கள். சாவு வீடு என்பதே மறந்துவிட்டது. "சித்தப்பா ஜெயிச்சிட்டாரு!" "அடுத்து ஆரு, நீ போளா!" திருவிழா ராட்டினத்துக்குக்கூட இப்படித் தள்ளுமுள்ளு இருக்காது. ஒவ்வொருவரும் வெளியே போய், வெள்ளை முள் அசையாததைப் பார்த்து, நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு உள்ளே வந்தார்கள்.

கடைசியில் சூடாமணி போனார். தெருவில் நின்று வேட்டியை மடித்துக் கட்டினார். அசையவில்லை. தேர்தலில் ஜெயித்தவர்போலப் படியேறினார்.

"எங்க அண்ணன் மேல எனக்கு எவ்வளவு பாசம்னு இப்பத் தெரிஞ்சுதா?" என்றவர், கூடத்தை ஒரு சுற்றுப் பார்த்தார். குரல் இறங்கியது. "இனி ஒரு ஆளுதான் பாக்கி."

பெயரை யாரும் சொல்லவில்லை. எல்லாருடைய கண்ணும் தலைமாட்டுக்குப் போயிற்று.

இசக்கியப்பன் ஆவுடை பக்கத்தில் போய்க் குந்தினார். வாழ்க்கையில் முதல் தடவையாக மெல்லப் பேசினார். "தங்கச்சி, எந்திரிக்காத. மானி பழுதுன்னு சொல்லி ஒடைச்சிப் போட்டுருதேன். மன்றத்துல என்னை என்ன வேணும்னாலும் செய்யட்டும்."

"பழுது இல்ல அண்ணாச்சி" என்றாள் ஆவுடை. "ஒங்களுக்கே தெரியும்."

அவள் எழுந்தாள். தளவாயின் முகத்தில் உட்கார வந்த ஈயை விரட்டிவிட்டு நடந்தாள். வாசல் நிலை வரை போய்த் திரும்பி நின்றாள். இருக்கிற வெட்கத்தில் யாரையும் பார்க்காமல், எதிர்ச் சுவரைப் பார்த்துப் பேசினாள்.

"தம்பி, அவுக கையிலயும் என் கையிலயும் ஒரு கயிறு கட்டியிருக்கும். ராத்திரி தண்ணி வேணும்னாலும், பொரண்டு படுக்கணும்னாலும் இழுப்பாவ. நான் முழிச்சிருவேன். பேச்சுத்தான் வராதுல்லா. எத்தனையோ வருஷமா அப்படித்தான். நேத்து ராத்திரி இழுக்கல. நான் தூங்கிட்டேன். மூஞ்சியில வெயில் அடிக்கிற வரைக்கும் தூங்கினேன். கல்யாணத்துக்கு முன்னால எங்க வீட்டுல தூங்குவேனே, அந்த மாதிரி. முழிச்சதும் அப்படி ஒரு சந்தோஷம். ஒடம்பு முழுக்க. கையைத் தூக்கிச் சோம்பல் முறிச்சேன். கயிறு இழுபட்டும் அவுக முழிக்கல. அப்பறந்தான் திரும்பிப் பாத்தேன்."

கயிறு கட்டியிருந்த மணிக்கட்டைத் தடவிக்கொண்டாள்.

"பாத்ததும் எனக்கு உசுரே போயிட்டு. ஆனா அந்தச் சந்தோஷம் போகல தம்பி. காலையில இருந்து போ, போன்னு வெரட்டுதேன். அவுக மொகத்தைப் பாத்து அழுதா, அதுவும் கூடக் கூட வருது. எனக்கே என்னைப் பிடிக்கல. இந்தக் கையால அரிசி போட எனக்கு யோக்கியதை இல்ல. நீங்க சொன்னது நியாயந்தான்."

சொல்லிவிட்டு நிலையைத் தாண்டித் தெருவில் இறங்கினாள்.

வெள்ளை முள் விழுந்தது. கயிறு அறுந்த வாளிபோல, நேராக அடிக்கு.

"பாத்தியளா!" என்றாள் பேச்சி. "நான் அப்பவே நெனச்சேன். பாத்தியளா எல்லாரும்!"

ஆமாம் ஆமாம் என்று ஒரு சலசலப்பு ஓடியது. சூடாமணி துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். திரவியம் மட்டும் ஆணியின் கீழே போய் நின்று, கழுத்தை நீட்டி மானியைப் பார்த்துக்கொண்டிருந்தான். புதிதாக வந்தவன் இல்லையா, எல்லாம் அவனுக்கு வேடிக்கை.

"மாமா, இந்தக் கறுப்பு முள்ளு எதுக்குன்னு சொன்னிய?"

"துக்கத்துக்கு. ஏன்?"

"அதுவும் விழுந்து கெடக்கே."

அதுவரை கறுப்பு முள்ளை யாரும் பார்க்கவில்லை. இப்போது பார்த்தார்கள். அது வெள்ளை முள்ளுக்குப் பக்கத்திலேயே, அடியோடு அடியாகக் கிடந்தது.

சூடாமணி மானியைத் தட்டினார். "கெட்டுப்போச்சா?"

"கெடல" என்றார் இசக்கியப்பன்.

"பின்ன? நாங்க இத்தனை பேரு உள்ள இருக்கோம்லா?"

இசக்கியப்பன் துண்டால் வாயைப் பொத்திக்கொண்டார். மனிதருக்கு அன்று எங்கிருந்தோ புத்தி வந்திருந்தது. ஆனால் அவருக்குள் கணக்கு ஓடிக்கொண்டிருந்தது. பேச்சி வெளியே போனபோது வெள்ளை முள் அசையவில்லை, சரி. கறுப்பு முள் அசைந்ததா? வடிவு போனபோது? சூடாமணி போனபோது? அவர்கள் ஒவ்வொருவராகப் போய் நிரூபித்துவிட்டு வந்தது எதை?

திரவியத்துக்கு அந்தப் புத்தியும் இல்லை. "அப்பம் பெரியத்தை ஒரு ஆளுக்குத்தான் துக்கமும் இருந்துச்சா? சந்தோஷமும் அவுககிட்டயேதான் இருந்துச்சா?" என்று கேட்டுவிட்டான். "அப்படியும் இருக்குமா அண்ணாச்சி, ரெண்டும் ஒரே ஆளுக்குள்ள?"

"ஆளுக்குள்ள துக்கம் பெருசா இருந்தா, ஈடு வெளிய தேடிப் போகாது மாப்ளே" என்றார் இசக்கியப்பன். "இருக்கிற எடத்துலயே பிறந்துரும். நானும் இன்னைக்குத்தான் பாக்கேன்."

அதற்குப் பிறகு அந்தக் கூடத்தில் நடந்ததை எழுதவே கூச்சமாக இருக்கிறது. முதலில் வடிவு மாரில் அடித்துக்கொண்டு ஒரு பாட்டை எடுத்தாள். ஒரு கண் பிணத்தின் மேல், ஒரு கண் ஆணியின் மேல். கறுப்பு முள் அசையவில்லை. பேச்சி தலையை அவிழ்த்துப் போட்டுக்கொண்டு உருண்டாள். முள் அசையவில்லை. டீக்கடைக்காரர் தன் சொந்த அப்பாவை நினைத்து அழுது பார்த்தார். அப்பா ஊரில் நன்றாக இருப்பதால் அதுவும் பலிக்கவில்லை. கூடம் முழுக்க எழுந்த அழுகையில் அடுத்த அண்டத்திலுள்ள குழந்தைகள்கூட விழித்திருக்கும். இரண்டு முள்ளும் தூங்கும் பூனைகளைப்போலச் சுருண்டு கிடந்தன.

ஒவ்வொருவராக நிறுத்தினார்கள். யாரும் யாரையும் பார்க்கவில்லை. ஐம்பது பேர் ஒரே நேரத்தில் தரையைப் பார்த்தால் அந்தத் தரைக்கே கூச்சமாக இருந்திருக்கும். துக்கத்துக்கு எதிர் சந்தோஷம், வெந்நீருக்கு எதிர் ஐஸ். வெட்கத்துக்கு எதிர் என்னவென்று அந்த ஆயிரம் பக்கப் புத்தகத்திலும் இல்லை. அது ஈடு இல்லாமல் வந்தது. வந்து அப்படியே நின்றது.

"எடுக்கலாம்னு சொல்லிரும் இசக்கி" என்றார் சூடாமணி. கெஞ்சுகிற குரல். "எப்படியாவது சொல்லிரும்."

"எப்படிவே சொல்ல? இது தளவாய் அண்ணாச்சியோட சாவு வீடுதான்னு காட்டுறதுக்கு இப்ப இங்க ஒரு முள்ளும் இல்லியே. அந்தம்மா வரணும்."

சூடாமணி கொஞ்ச நேரம் அண்ணனின் காலடியில் நின்றார். கடைசியாக இந்த வீட்டுக்கு எப்போது வந்தோம் என்று நினைத்துப் பார்த்தாரோ என்னவோ. மடித்துக் கட்டிய வேட்டியை இறக்கிவிட்டுத் தெருவுக்குப் போனார்.

ஆவுடை எதிர் வீட்டுச் சுவரோரம் நின்றுகொண்டிருந்தாள். எங்கே போவதென்று அவளுக்குத் தெரியவில்லை. பல வருஷமாக இவ்வளவு தூரம் தனியாக வந்ததில்லை.

"மயினி" என்றார் சூடாமணி. தோளில் கிடந்த துண்டை எடுத்துக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டார். "உள்ள வாங்க."

"நான் வரலாமா தம்பி?"

அவள் குத்திக் காட்டவில்லை. உண்மையாகவே கேட்டாள். அதுதான் சூடாமணிக்குத் தாங்கவில்லை. இரண்டு கையையும் முகத்தில் வைத்துக்கொண்டு தலையை மட்டும் ஆட்டினார். உள்ளே என்ன நடந்தது என்று அவரால் அவளிடம் சொல்ல முடியவில்லை. அவளும் கேட்கவில்லை. சேலையைச் சரிசெய்துகொண்டு நடந்தாள். கூடத்தில் கூட்டம் பிளந்து வழிவிட்டது. அவள் நிலையைத் தாண்டியதும் இரண்டு முள்ளும் எழும்பிப் போய் உச்சியில் நின்றன. அவள் மட்டும் அதைப் பார்க்கவில்லை. நேராகத் தலைமாட்டுக்குப் போனாள்.

இசக்கியப்பன் ஆணியிலிருந்து மானியை எடுத்து, "எடுக்கலாம்" என்று மெல்லச் சொல்லிவிட்டு, அதன் முகத்தைத் துண்டால் மூடி, கக்கத்தில் வைத்துக்கொண்டார்.

பேச்சி அரிசித் தட்டை எடுத்துவந்து ஆவுடையின் முன்னால் வைத்தாள். அப்படியே பின்னால் அடியெடுத்து வைத்து வெளியே போனாள். அவள் பின்னால் வடிவு போனாள். பிறகு மற்றவர்கள். போகச் சொல்லி யாரும் சொல்லவில்லை. இருப்பதற்குக் கூச்சமாக இருந்தது, அவ்வளவுதான். செருப்பைக்கூடச் சத்தமில்லாமல் மாட்டிக்கொண்டார்கள்.

கடைசியாக நின்ற சூடாமணி, "தூக்குறதுக்கு ஆளு வேணும்னா ஒரு சத்தம் கொடுங்க மயினி" என்றார். "நாங்க தெருவுலதான் நிக்கோம்."

கதவைச் சாத்திக்கொண்டு அவரும் வந்துவிட்டார். தெரு முழுக்கக் கூட்டம். இசக்கியப்பன் உட்பட ஒருவரும் வாய் திறக்கவில்லை. வெயில் ஏறியது. உள்ளேயிருந்து எந்த நேரமும் கூப்பிடுவாள் என்று காதைத் தீட்டிக்கொண்டு நின்றார்கள்.

ஆவுடை உடனே கூப்பிடவில்லை.